பால் வற்றும் நேரத்துக்குள் ஒரு பிரெஞ்சு நாவல்

பிரெஞ்சு நாவல்கள் ராஜபாளையத்துக்கு இரண்டு சாக்கு மூட்டைகளில் வந்தன. எண்பதுகளின் நடுவில் ஒரு மில் முதலாளி வீட்டுப் பெரியவர் காலமானார். அவற்றையெல்லாம் ஆங்கிலத்தில் படித்துத் தீர்த்தவர் அவர். வீட்டுக்கு வெள்ளையடிக்க ஆள் வந்தபோது புத்தகங்கள் இடைஞ்சலாக இருந்தன. மூட்டையாகக் கட்டி நூலகத்துக்குக் கொடுத்துவிட்டார்கள். நூலகர் அவிழ்த்துப் பார்த்து, தும்மிவிட்டு, பின்னறை அலமாரியில் அடுக்கிப் பூட்டினார். அந்தச் சாவியைக் கேட்டு வாங்கிய முதல் ஆள் நான். புத்தகங்களின் கடைசிப் பக்கத்தில் ஒட்டியிருந்த தேதிச் சீட்டில் என் எண்ணைத் தவிர வேறு எண் விழுந்ததே இல்லை. அதைப் பார்க்கும்போதெல்லாம் கல்யாணப் பத்திரிகையில் என் பேரைப் பார்த்தது போல இருக்கும்.

அப்போது நான் ஒரு பேண்டேஜ் துணிக் கம்பெனியில் சரக்கு அனுப்பும் பிரிவில் குமாஸ்தா. பகலெல்லாம் வெள்ளைத் துணி. சுருள் சுருளாய், பெட்டி பெட்டியாய், எங்கெங்கோ இருந்த காயங்களுக்கு இங்கிருந்து கட்டுப் போனது. சாயங்காலம் கண்ணைக் கழுவிக்கொண்டு பிரான்சுக்குப் போவேன்.

முந்நூறு வருஷம் இருந்தது அந்த அலமாரிக்குள். மேல் தட்டில் அரசவைக் காலத்து நாவல்கள். அவற்றில் யாரும் மனதில் உள்ளதைச் சொல்லமாட்டார்கள். ஒரு விசிறி கீழே விழும், ஒருவர் குனிந்து எடுப்பார், அந்த ஒரு குனிதலுக்காக இருநூறு பக்கம் ஏங்கிச் சாவார்கள். அதற்குக் கீழே கடிதங்களாலேயே ஆன நாவல்கள். ஒவ்வொரு கடிதத்துக்குப் பின்னாலும் இன்னொரு கை. நடுத்தட்டில் செங்கல் கனத்தில் சிற்றூர்க் கதைகள். திரைச்சீலை என்ன துணி, பெண்ணுக்கு என்ன போட்டார்கள், வக்கீல் என்ன சொன்னார் என்று எங்கள் ஊர்ச் சம்பந்தப் பேச்சு மாதிரியே நீளும். கடல், பலூன், தீவு என்று அலையும் கதைகள் ஒரு பக்கம். துப்பறியும் கதைகள் ஒரு பக்கம். அவற்றில் இன்ஸ்பெக்டர் நன்றாகச் சாப்பிட்ட பிறகுதான் குற்றவாளியைப் பிடிப்பார். கீழ்த்தட்டில் புதுக்காலத்து நாவல்கள். ஒருவன் சுவரைப் பார்த்துக்கொண்டிருப்பான். நாற்பது பக்கம் கழித்தும் அதே சுவர்.

படிக்கப் படிக்க எரிந்தது. நான் அப்போதே வசனத்தில் கவிதை மாதிரி ஏதோ எழுதிக்கொண்டிருந்தவன். அந்த ஊர்க்காரர்களுக்கு மழை இருந்தது. ஒரு ஆளை ஒரு அத்தியாயம் முழுக்க வீட்டுக்குள்ளேயே உட்கார்த்தி வைக்கிற அளவுக்கு மழை. எனக்கு என்ன இருந்தது? பங்குனி வெயிலும் மில் சங்கும். இந்த எரிச்சலை இறக்கிவைக்க ஓர் இடம் வேண்டியிருந்தது. ஞாயிற்றுக்கிழமைதோறும் பஸ் ஏறி ஸ்ரீவில்லிபுத்தூருக்குப் போய்விடுவேன்.

அங்கே என் நண்பனின் பால்கோவாக் கொட்டகை இருந்தது. பத்தாம் வகுப்பு வரை ஒரே பெஞ்சு. நான் பாஸாகி மேலே போனேன். அவன் ஆங்கிலத்தில் மட்டும் பெயிலாகி அப்பாவின் கடாய்க்குப் போனான். தமிழில் எதைக் கொடுத்தாலும் படிப்பான். பொட்டலத் தாளைக்கூட அச்சகத்தின் பேர் வரை படித்துவிட்டுத்தான் கசக்குவான். கொட்டகையில் அவனோடு இரண்டு ஆட்கள் கிண்டினார்கள். கோவாவை எடை போட்டுக் கட்ட ஒரு அக்கா இருந்தார்கள். பால் ஏறியதிலிருந்து வற்றி இறங்கும் வரை ஒன்றரை மணி நேரம் கரண்டியை நிறுத்தக்கூடாது. நான் கவிழ்த்துப்போட்ட பால் கேனில் உட்கார்ந்து, நான் படித்த நாவலைச் சொல்வேன். ஒரு கடாய்க்கு ஒரு அத்தியாயம். அடுப்பில் எரிகிற முந்திரித் தோட்டுப் புகையில் பாரிஸ் இருமும்.

நான் சொன்னேன், அவன் கேட்டான். அப்படித்தான் நினைத்திருந்தேன்.

ஒரு புதன்கிழமை கம்பெனியில் மிஷின் பழுது என்று மத்தியானமே விட்டுவிட்டார்கள். சொல்லாமல் ஸ்ரீவில்லிபுத்தூருக்குப் போனேன். கொட்டகைக்கு வெளியே ஆறேழு பேர் நின்றிருந்தார்கள். கோவா வாங்க வந்தவர்கள் என்று நினைத்து விலக்கிக்கொண்டு போனால், உள்ளேயிருந்து அவன் குரல்.

"அந்தக் கோமான் இருக்கானே, அவன நம்ம சேத்தூர்ப் பக்கத்துப் பண்ணையாருன்னு வச்சுக்கங்க. பரம்பர எல்லாம் போச்சு. வண்டிக்குக் குதிர இல்ல. ஆனா சாட்டைய மட்டும் விடமாட்டான். எங்க போனாலும் கையிலயே வச்சுக்கிட்டு அலைவான்."

"குதிர இல்லாம சாட்டை எதுக்கு தம்பி?" இது அக்கா.

"அததான் அவம் பொண்டாட்டியும் கேட்டா. அன்னைக்குப் புடிச்சது சண்ட."

கொட்டகையே சிரித்தது. ஒரு ஆள் சிரிப்பில் கரண்டியை விட்டுவிட, "ஏலே, கையப் பாரு!" என்று என் நண்பனே அதட்டினான்.

நான் அந்த நாவலை இரண்டு தடவை படித்தவன். அதில் சாட்டையே கிடையாது. போன ஞாயிற்றுக்கிழமை நான் சொன்னபோது கோமானின் வீழ்ச்சியைப் பற்றி விளக்கமாகச் சொன்னேன், அக்கா கொட்டாவி விட்டார்கள். இவன் ஒரு சாட்டையைக் கையில் கொடுத்து முடித்துவிட்டான். உள்ளே போகவில்லை. அடுத்த பஸ்ஸில் திரும்பினேன். வழியெல்லாம் பனைகள் பின்னால் ஓடின. அந்தச் சாட்டை மட்டும் கூடவே வந்தது. ஏன் எனக்குத் தோன்றவில்லை? மூட்டையை அவிழ்த்தவன் நான். சாவி என்னிடம் இருந்தது. வாய் அவனிடம் இருந்தது.

அதற்குப் பிறகும் ஞாயிற்றுக்கிழமை போனேன். போகாமல் இருக்க முடியவில்லை. அவனுக்குச் சொல்லும்போதே, இதை இவன் திங்கட்கிழமை என்னவாக ஆக்குவான் என்று ஒரு முள் உள்ளே நகரும். இப்படியே சில வருஷம்.

ராஜபாளையத்தில் எங்களுக்கு ஓர் இலக்கிய வட்டம் இருந்தது. மாதம் ஒரு சாயங்காலம், ஒரு ஜவுளிக்கடை மாடியில். நான் அங்கே என் எழுத்தைப் படிப்பேன். மரியாதைக்குக் கை தட்டுவார்கள். செயலாளர், வீட்டில் தெலுங்கு பேசும் ஒரு பள்ளி ஆசிரியர். உறவினர் வீட்டுக்குக் கோவா வாங்க ஸ்ரீவில்லிபுத்தூர் போன அவர், இரண்டு கடாய் நேரம் அங்கேயே நின்றுவிட்டாராம். அடுத்த கூட்டத்தில் எழுந்து அறிவித்தார்: ஐப்பசிக் கூட்டம் முழுக்கப் பிரெஞ்சு நாவலுக்கு, பேசப்போவது அந்தக் கோவாக் கடைக்காரர். தலைமை ஒரு ஓய்வுபெற்ற பேராசிரியர். பாண்டிச்சேரியில் இருந்தவர், பிரெஞ்சிலேயே படிப்பவர்.

கூட்டம் முடிந்து படியில் இறங்கும்போது செயலாளர் என் தோளில் கை போட்டார். "நீங்களும் அவசியம் வந்துரணும் சார். உங்களுக்கும் பிரெஞ்சுன்னா பிடிக்கும்ல?"

பிடிக்கும்ல. அந்த ஒரு சொல்லை எத்தனையோ நாள் மென்றுகொண்டிருந்தேன்.

புரட்டாசி சனிக்கிழமைகளில், ஸ்ரீவில்லிபுத்தூருக்குப் பக்கத்துக் குன்றில் இருக்கிற திருவண்ணாமலைப் பெருமாளுக்குப் போகிற கூட்டம் கோவாவை அள்ளிக்கொண்டு போகும். கொட்டகையில் கதைக்கு நேரம் இருக்காது. அந்த நெரிசல் ஓய்ந்த ஞாயிறு போனேன். கூட்டத்தில் எந்தக் கதையைச் சொல்வது என்று அவன் முடிவு செய்திருந்தான். நான் அப்போது பாதி சொல்லியிருந்த கதை. பிரான்சில் மழை ஓயாத ஒரு வடக்கத்தி ஊர். கையுறை தைப்பவனின் மனைவி. அவர்கள் வீட்டில் முன்பு குடியிருந்த ஒரு பெண்ணுக்கு ஓர் ஆணிடமிருந்து கடிதங்கள் வருகின்றன. இவள் பிரிக்கிறாள். படிக்கிறாள். ஒருநாள், அந்தப் பெண்ணின் பேரிலேயே பதில் எழுதுகிறாள். நான்கு வருஷம் கடிதம் போகிறது, வருகிறது. கடைசியில் எழுதினவன் ரயிலேறி வந்து கதவைத் தட்டுகிறான்.

நாவலில் அவள் திறப்பதில்லை. ஜன்னல் திரைச்சீலைக்குப் பின்னால் நின்று பார்க்கிறாள். கடிதத்தில் இருந்தது போலவே இருக்கிறான். அவன் நனைந்து நனைந்து, கடைசியில் போய்விடுகிறான். மறுநாள் அவள் தன் சொந்தப் பேரில் முதல்முறையாக அவனுக்கு எழுதுகிறாள்: இங்கே குடியிருந்தவர் காலி செய்துவிட்டார், போன இடம் தெரியாது.

"ம், தட்டிட்டான்," என்றான் என் நண்பன், கிண்டிக்கொண்டே. "தெறந்தாளா?"

அக்கா எடைக்கல்லைக் கையில் வைத்தபடி என்னைப் பார்த்தார்கள். எனக்குத் தெரியும், பேராசிரியர் இந்த நாவலைப் படித்திருப்பார். எனக்குத் தெரியும், நாற்பது பேர் முன்னால் அவர் திருத்துவார். எனக்குத் தெரியும், நான் என்ன செய்கிறேன் என்று.

"தெறந்தா," என்றேன். "ரெண்டு பேரும் அதே ரயில்ல பாரிசுக்குப் போயிட்டாக."

அவன் கரண்டி ஒரு நிமிஷம் நின்றது. "தெறந்துட்டாளா! எம்புட்டுத் தைரியம், பாத்தீகளாக்கா." முகம் முழுக்கச் சந்தோஷம். யாரோ தெரிந்த வீட்டுப் பெண்ணுக்கு நல்லது நடந்தது மாதிரி. அந்த முகத்தைப் பார்த்தேன். ஆனாலும் திருத்தவில்லை.

ஐப்பசிச் சாயங்காலம். மாடியில் நாற்காலி போதாமல் கீழேயிருந்து பெஞ்சு தூக்கி வந்தார்கள். பேராசிரியர் நடுவில், சட்டைப் பைக்குள் மூக்குக் கண்ணாடிக் கூடு. என் நண்பன் சலவைச் சட்டையில் வந்திருந்தான். புகை வாசம் மட்டும் வெளுக்கவில்லை. பேச ஆரம்பித்ததும் அவனுடைய வலது கை தானாகவே மெல்லச் சுழன்றது. கடாய் இல்லாத இடத்தில் கிண்டினான்.

"நம்ம ஊர்ல மழைன்னா விருந்தாளி. வரும், காப்பி குடிக்கும், போயிரும். அந்த ஊர்ல மழைன்னா குடியிருக்கது."

பேராசிரியர் தொடையில் தட்டினார். நான் மூன்றாவது வரிசையில் இருந்தேன். மழையைப் பற்றி நோட்டு நோட்டாக எழுதியவன் நான். இந்த வரி என்னிடம் வந்ததே இல்லை. இன்னும் அரை மணியில் இவன் விழப்போகிறான் என்று நினைத்துக்கொண்டேன். அந்த நினைப்புதான் என்னை நாற்காலியில் உட்கார வைத்திருந்தது.

ரயில் வந்தது. ஸ்ரீவில்லிபுத்தூர் ஸ்டேஷன் மாதிரியே ஒரு ஸ்டேஷன். கடிதக்காரன் இறங்கினான், நனைந்தான், தெருவைக் கேட்டான், வந்தான், கதவைத் தட்டினான். மாடியில் மின்விசிறிச் சத்தம் மட்டும்.

என் நண்பன் தண்ணீர் குடித்தான். டம்ளரை வைத்தான்.

"முடிவ நான் சொல்லமாட்டேன்," என்றான். "எங்க கொட்டகையில ஒரு பழக்கம். கிண்டுனவன் பதம் பாக்கக்கூடாது. புகையில நின்னு கண்ணு எரிஞ்சுருக்கும், கை ஓஞ்சுருக்கும், எப்படா எறக்குவோம்னு இருக்கும். அவன் சொன்னா பதம் தப்பிரும். வேற ஒரு ஆளு வந்து தொட்டுப் பாத்துதான் 'எறக்கு'ன்னு சொல்லணும். இந்தக் கதைய நான் படிக்கல. படிச்சுச் சொன்னவன் அந்தா உக்காந்துருக்கான். இதுவரைக்கும் நான் சொன்ன அம்புட்டுப் பிரெஞ்சுக் கதையும் அவங்கிட்ட வாங்குனதுதான். அவன் வந்து முடிக்கட்டும்."

எல்லாத் தலையும் திரும்பியது. எழுந்து நடந்தேன். மூன்று வரிசைதான். அவனிடம் சொன்னதையே சொன்னால் பேராசிரியர் என்னைத் திருத்துவார். உள்ளதைச் சொன்னால் இவனுக்கு மட்டும் தெரிந்துவிடும். மைக் இல்லை. பேராசிரியர் கண்ணாடிக்கு மேலாக, கனிவாக, சொல்லுங்கள் என்பது போலத் தலையசைத்தார்.

உள்ளதைச் சொன்னேன். திறக்கவில்லை. காலி செய்துவிட்டார், போன இடம் தெரியாது. லாரி ரசீது படிப்பது போல ஒப்பித்தேன்.

"அதேதான்," என்றார் பேராசிரியர். "அந்தக் கடைசிக் கடிதம்தான் நாவலே. அருமையாச் சொன்னீங்க." கை தட்டினார்கள். இவ்வளவு வருஷத்தில் எனக்கு விழுந்த நல்ல கைதட்டல் அதுதான். என் நண்பனும் தட்டினான். ஒவ்வொரு தட்டாக, நிதானமாக, என் முகத்தைப் பார்த்துக்கொண்டே.

ஏழு மணிக்கெல்லாம் கூட்டம் கலைந்தது. பழைய பஸ் ஸ்டாண்டில் அவன் நின்றிருந்தான். பக்கத்தில் போய் நின்றேன்.

"எங்கிட்ட அவ தெறந்தான்னு சொன்ன."

நான் பஸ் வரும் பக்கம் பார்த்தேன்.

"அந்தப் பாண்டிச்சேரி வாத்தியார் முன்னாடி நான் அவ தெறந்தான்னு சொல்லணும். அதானே?"

ஒரு பஸ் வந்து ஹாரன் அடித்துப் போனது.

"கேக்கேன்ல."

"ஆமா," என்றேன்.

அவன் திட்டுவான் என்று எதிர்பார்த்தேன். திட்டியிருக்கலாம். "மத்ததுல எம்புட்டு மாத்துன?" என்று கேட்டான்.

"வேற எதுலயும் இல்ல."

"அத நான் எப்பிடி நம்ப? அந்த அக்கா எங்கிட்டக் கேப்பாக, இது நெசமாவே புஸ்தகத்துல இருக்கான்னு. சாட்டை கீட்டைன்னு நான் பூசுவேன். அது அவியளுக்கே தெரியும், சிரிப்பாக. ஆனா செத்தானா பொழச்சானா, வந்தாளா போனாளா, அதுல கைய வச்சதே இல்ல. என் தைரியத்துல இல்ல, ஒன் தைரியத்துல."

ஸ்ரீவில்லிபுத்தூர் பஸ் வந்தது. ஏறிக்கொண்டான். ஜன்னலோரம் இடம் கிடைத்தும் இந்தப் பக்கம் பார்க்கவில்லை.

அதற்குப் பிறகு கொட்டகையில் ரேடியோ வைத்துவிட்டார்கள் என்று கேள்விப்பட்டேன். என் ஞாயிற்றுக்கிழமைகள் நீளமாயின. அலமாரிச் சாவி இருந்தது. படித்ததைச் சொல்ல ஆள் இல்லை. ஆள் இல்லாமல் படித்தால் பிரெஞ்சு நாவலும் வெறும் தாள்தான் என்று அப்போது தெரிந்தது.

ஏழெட்டு மாதம் கழித்து ஒரு தபால் கார்டு வந்தது. கொட்டை எழுத்து. "தீவுக் கதை சரி. விசாரிச்சாச்சு."

அவ்வளவுதான். நலம் விசாரிப்பு இல்லை. இன்னும் மூன்று மாதத்தில் இன்னொன்று: "விசிறிக் கதை சரி. அவ செத்தது நெசந்தான்." புரிந்தது. நான் சொன்ன ஒவ்வொரு கதையையும் தொட்டுப் பார்த்துக்கொண்டிருந்தான். பேராசிரியர் வீட்டுக்குப் போகிறானாம், செயலாளர் சொன்னார். பேராசிரியர் வீடு ராஜபாளையத்தில், என் தெருவுக்கு இரண்டு தெரு தள்ளி. அப்படியென்றால் என் ஊருக்கு வந்து, என் தெருமுனையைத் தாண்டிப் போய், அவருடைய நாற்காலியில் உட்கார்ந்து, மூல மொழியிலிருந்து நேரே கேட்டுக்கொண்டு திரும்புகிறான். கார்டைப் பிடித்துக்கொண்டு வெகுநேரம் நின்றேன். சரி என்ற சொல்லில் ஒரு பக்கம் ஆறியது, அதே சொல்லில் மறுபக்கம் எரிந்தது.

தொண்ணூறுகளில் தமிழிலேயே பிரெஞ்சு நாவல்கள் வரத் தொடங்கின. இப்போது அவனே படித்தான். எனக்குக் கிடைப்பதற்கு முன்பே பேராசிரியர் மூலம் அவன் கைக்குப் போய்விடும். ஒருநாள் காய்கறி மார்க்கெட்டில் அந்த அக்காவைப் பார்த்தேன். மகள் வீட்டுக்கு வந்திருந்தார்கள்.

"மறுபடி கத நடக்குதுங்க," என்றார்கள். "ஆனா இப்பல்லாம் 'இது பாத்தாச்சுக்கா'ன்னு சொல்லிட்டுத்தான் தம்பி ஆரம்பிக்கிறாரு. பாக்காதத எம்புட்டுக் கெஞ்சுனாலும் சொல்லமாட்டேங்காரு."

பதினொரு கார்டு வந்தது. எல்லாம் சரி. பன்னிரண்டாவது வராமலே இருக்க வேண்டும் என்று நான் வேண்டிக்கொண்டதற்குக் காரணம் உண்டு. பஸ் ஸ்டாண்டில் வேற எதுலயும் இல்லை என்று சொன்னேனே, அது பொய். ஒரு துப்பறியும் நாவலில், நூலகப் பிரதியில், கடைசிப் பதினாறு பக்கம் பைண்டிங்கிலேயே விட்டுப்போயிருந்தது. கொன்றது யார் என்று எனக்கே தெரியாது. தெரியாது என்று சொல்ல வெட்கப்பட்டு, டாக்டர்தான் கொன்றார் என்று சொல்லிவிட்டேன். அதில் பொறாமை இல்லை, வெறும் வீம்பு. ஆனால் அவன் இரண்டையும் ஏன் பிரித்துப் பார்க்க வேண்டும்?

ஒரு வருஷம் காத்திருந்தேன். கார்டு வரவில்லை. கடைசியில் நானே எழுதினேன்: "இன்ஸ்பெக்டர் கதையில் கடைசிப் பக்கங்கள் என்னிடம் இல்லை. டாக்டர் என்றது நான் கட்டினது. அன்றைக்கே சொல்லியிருக்க வேண்டும்."

நாலாம் நாள் பதில். "தெரியும். ஆறு மாசம் முன்னாடியே தமிழ்ல படிச்சாச்சு. டாக்டர் கொல்லல, பாவம். நீயா எழுதுறியான்னு பாத்துக்கிட்டு இருந்தேன். கொன்னது யாருன்னு கார்டுல எழுத முடியாது, போஸ்ட்மேன் படிச்சுருவாரு. ஞாயித்துக்கெழம வா."

போனேன். அக்கா நரைத்திருந்தார்கள். "எளச்சுப் போனீகளே தம்பி," என்று ஒரு துண்டுத் தாளில் சூடாகக் கோவா வைத்துத் தந்தார்கள். கிண்டுகிற ஆட்கள் புதுசு. என் நண்பன் என்னை மேலும் கீழும் பார்த்தான். கையிலிருந்த கரண்டியை நீட்டினான்.

"கிண்டு."

வாங்கிக்கொண்டேன். நான் நினைத்ததைவிடக் கனம். அவன் கேனைக் கவிழ்த்து உட்கார்ந்தான்.

"ஒரு ஊர்ல ஒரு இன்ஸ்பெக்டரு. வயிறு நெறையாம ரோசனையே ஓடாது அவனுக்கு…"

"முதல்லருந்து வேண்டாம்பா," என்றேன். "அதெல்லாம் எனக்குத் தெரியும். கொன்னது யாரு, அத மட்டும் சொல்லு."

அக்கா வாயைப் பொத்திச் சிரித்தார்கள். புது ஆட்கள் இருவரும் சிரித்தார்கள். அடுப்புக்கு முந்திரித் தோடு மூட்டை கொண்டுவந்து இறக்கிக்கொண்டிருந்த பாய்கூட ஓரமாய் நின்று சிரித்தார். அவர்கள் எல்லோருக்கும் தெரிந்திருந்தது.

"நீ சொன்ன கத இல்ல இது," என்றான். "புஸ்தகத்துல உள்ள கத. மொதல்லருந்துதான் வரும். கையச் சுத்து."

சுற்றினேன். நான் இரண்டு முறை படித்த அத்தியாயங்கள். ஆனால் அவன் வாயில் அந்த இன்ஸ்பெக்டர் இலையில் உட்கார்ந்து ரசம் கேட்டார்; சந்தேகப்பட்ட ஒவ்வொருவனையும் அவன் எப்படிச் சாப்பிடுகிறான் என்று பார்த்தே எடை போட்டார். இது எனக்குத் தோன்றவில்லையே என்று மறுபடியும் பற்றிக்கொண்டது. தோள்பட்டை வலித்தது. புகையில் கண் எரிந்தது. எரிந்தது புகையால்தான் என்று எல்லோரும் நினைத்துக்கொண்டார்கள்.

மூன்று கடாய் இறங்கியது. மூன்று அத்தியாயம். பொழுது சாய்ந்ததும் அவன் எழுந்து கையைத் தட்டிக்கொண்டான். "மிச்சத்த அடுத்த வாரம் வந்து கேளு."

மொத்தம் பதினேழு அத்தியாயம். பஸ்ஸில் உட்கார்ந்து கணக்குப் போட்டேன். இன்னும் ஐந்து ஞாயிறு. வக்கீலாக இருக்குமோ? மைத்துனியா? பக்கத்து சீட்டுக்காரரிடம்கூடக் கேட்டிருப்பேன், அவர் கையில் என் நண்பன் கடைக் கோவாப் பொட்டலம் இருந்தது.